தலையிடாதவர்கள் நடத்திய விசாரணை: டாக்டர் மீதான 1969 வழக்கு

காலத்தின் எந்த மூலைக்கும் போய்வரும் வண்டி அவர்களிடம் இருக்கிறது. நினைத்தால் யாருடைய கதையையும் அழித்துத் திருத்தி எழுதலாம். ஆனால் செய்ய மாட்டார்கள், பார்ப்பதோடு சரி. பிபிசியின் 'டாக்டர் ஹூ' தொடரில் வரும் டைம் லார்டுகளைப் பற்றிப் பொதுவாகச் சொல்லப்படுவது இதுதான். அந்தச் சட்டத்தை மீறியதாகத் தங்களில் ஒருவரும் தொடரின் நாயகருமான டாக்டரையே அவர்கள் பிடித்து விசாரித்துத் தண்டித்த கதை, 1969 ஜூன் 21 அன்று 'தி வார் கேம்ஸ்' என்ற நெடுங்கதையின் பத்தாம் பாகமாக ஒளிபரப்பானது.

ரசிகர்கள் இதை ஒரு டாக்டரின் விடைபெறலாகவும் (நடிகர் மாறும்போது டாக்டர் புது உருவம் எடுப்பார்) டைம் லார்டுகளின் அறிமுகமாகவும் நினைவில் வைத்திருக்கிறார்கள். அதில் தப்பில்லை. ஆனால் இதை ஒரு வழக்காக எடுத்து, கட்டைப் பிரித்து வரிசையாகப் படித்தால் வேறொன்று தெரிகிறது. இந்த நீதிமன்றம் காப்பாற்றியது தலையிடாமையை அல்ல, தலையிடும் உரிமை தன் கையை விட்டுப் போகக் கூடாது என்ற ஏகபோகத்தை.

குற்றவாளியின் பழைய நடத்தை

1963 நவம்பர் 23 அன்று தொடர் ஆரம்பித்தபோது டாக்டர் யார், எங்கிருந்து ஓடி வந்தவர் என்று யாருக்கும் தெரியாது. வேடிக்கை என்னவென்றால், அந்த முதல் டாக்டர், அதாவது வில்லியம் ஹார்ட்னெல் நடித்த சிடுசிடுப்பான பெரியவர், தலையிடாமைக்காகக் கடுமையாக வாதாடியவர். 1964-ல் வந்த 'தி ஆஸ்டெக்ஸ்' கதையில், அவரோடு பயணம் செய்யும் வரலாற்று ஆசிரியை பார்பராவை, மறைந்த பூசாரி ஒருவரின் மறு அவதாரம் என்று ஆஸ்டெக் மக்கள் நம்பிவிடுகிறார்கள். கிடைத்த அந்தஸ்தை வைத்து நரபலியை நிறுத்திவிடலாம் என்று பார்பரா நினைக்கிறார். டாக்டர் குறுக்கே விழுந்து தடுக்கிறார்: வரலாற்றில் ஒரு வரியைக்கூட மாற்ற முடியாது. பார்பரா கேட்கவில்லை, முயன்று தோற்கிறார்.

அடுத்த வருடம், 1965 ஜூலையில், 'தி டைம் மெட்லர்'. களம் 1066-ம் ஆண்டு இங்கிலாந்து. துறவி வேடத்தில் ஒருவன் கடற்கரையில் காத்திருக்கிறான். வைகிங் கப்பல் படையை நவீன ஆயுதத்தால் தகர்த்துவிட்டால் மன்னர் ஹெரால்டின் படை களைக்காது. ஹேஸ்டிங்ஸ் போரில் நார்மன் வில்லியம் தோற்பான். அப்புறம் இங்கிலாந்தின் வரலாறே வேறு. அவன் கணக்கு இது. அவன் டாக்டரின் சொந்த இனத்தவன், அவனிடமும் டார்டிஸ் என்ற காலவண்டி ஒன்று இருக்கிறது. டாக்டர் அந்த வண்டியின் முக்கியமான பாகம் ஒன்றைக் கழற்றி எடுத்துக்கொண்டு அவனை அங்கேயே விட்டுவிட்டுப் போகிறார். வண்டியை முடக்கி ஒரே காலத்தில் தவிக்க விடும் இந்தத் தண்டனையைக் குறித்துக்கொள்ளுங்கள். நான்கு ஆண்டுகள் கழித்து இதே பாணித் தண்டனை அவர் தலையிலேயே விழும்.

போலீஸ்காரராக இருந்தவர் கைதியானது எப்படி? தொடரின் கதைகள் மாறியதுதான் காரணம். கடந்தகால வரலாற்றுக் கதைகள் குறைந்து, எதிர்காலத் தளங்களும் அந்நியக் கிரகங்களும் அரக்கர்களும் பெருகின. ஹேஸ்டிங்ஸில் யார் ஜெயித்தார்கள் என்று பள்ளிப் புத்தகத்தில் இருக்கிறது, அதனால் அங்கே கை வைப்பது பார்வையாளருக்கே உறுத்தும். சைபர்மேன்கள் முற்றுகையிட்ட விண்வெளி நிலையத்துக்கு அப்படி ஒரு புத்தகம் இல்லை. டாக்டரின் விதி ஆரம்பத்திலிருந்தே பிரிட்டிஷ் பாடத்திட்டத்துக்குள் அடங்கிய விதிதான் என்பது என் எண்ணம். பூமியின் பழைய காலத்தில் ஆசாரம். மற்ற இடங்களில் சர்வ சுதந்திரம். நீதிமன்றம் பிடித்தது அந்தச் சுதந்திரத்தை.

சம்பவம்

டெரன்ஸ் டிக்ஸும் மால்கம் ஹல்க்கும் எழுதி, டேவிட் மலோனி இயக்கிய 'தி வார் கேம்ஸ்' 1969 ஏப்ரல் 19 முதல் பத்து வாரம் ஓடியது. பாட்ரிக் ட்ரௌட்டன் நடித்த இரண்டாம் டாக்டரும், ஜேமி, ஸோயி என்ற இரண்டு இளம் தோழர்களும் முதல் உலகப் போரின் பதுங்குகுழிகளுக்கு நடுவே வந்து இறங்குகிறார்கள். இறங்கிய கொஞ்ச நேரத்தில் ராணுவம் பிடித்துவிடுகிறது. தளபதி ஸ்மைத் தலைமையில் ராணுவ நீதிமன்றம் கூடுகிறது. டாக்டர் ஒற்றர் என்று முடிவாகி, சுட்டுக் கொல்ல உத்தரவாகிறது.

இந்த முதல் விசாரணையைப் பலர் மறந்துவிடுகிறார்கள். ஸ்மைத் தன் மூக்குக்கண்ணாடியை மாட்டிக்கொண்டு எதிரில் இருப்பவரை உற்றுப் பார்ப்பார். அவ்வளவுதான், அந்த அதிகாரி தான் கண்ணால் கண்டதை மறந்து, ஸ்மைத் சொல்வதையே தன் முடிவாகச் சொல்லுவார். சாட்சியும் கிடையாது, வாதமும் கிடையாது. கட்டப்பஞ்சாயத்தில்கூட இரண்டு பேர் எதிர்த்துப் பேசுவார்கள், இங்கே அதுவும் இல்லை. ஆக, பத்துப் பாகக் கதை, மனதை வசியம் செய்யும் ஒரு நீதிமன்றத்தில் ஆரம்பிக்கிறது. முடிவதும் அப்படி ஒரு நீதிமன்றத்தில்தான். அதற்கு வருவோம்.

அது பிரான்ஸே இல்லை என்பது போகப் போகத் தெரிகிறது. ஒரு மூடுபனியைத் தாண்டினால் ரோமானியப் படை ஓடி வருகிறது. இன்னொன்றைத் தாண்டினால் அமெரிக்க உள்நாட்டுப் போர். பூமியின் வெவ்வேறு காலப் போர்களிலிருந்து ஆயிரக்கணக்கான சிப்பாய்களைக் கடத்தி வந்து, வேறொரு கிரகத்தில் வட்டாரம் வட்டாரமாகப் பிரித்து, மூளையைக் கழுவிச் சண்டையிட விட்டிருக்கிறார்கள். மிஞ்சுபவர்களைச் சேர்த்து வெல்ல முடியாத படை ஒன்றைக் கட்டி, அண்டத்தைப் பிடிப்பது திட்டம். தலைவன் பெயர் வார் லார்ட். அவனுக்குக் காலவண்டிகளைக் கட்டிக் கொடுத்தவன் வார் சீஃப். இவனும் ஓடிவந்த ஒரு டைம் லார்ட்.

எதிர்ப்புப் படையைத் திரட்டி டாக்டர் ஜெயித்துவிடுகிறார். ஆனால் ஜெயித்த பிறகுதான் உண்மையான சிக்கல். பல நூற்றாண்டுகளைச் சேர்ந்த இத்தனை பேரையும் அவரவர் காலத்தில் கொண்டுபோய் விடுவது யார்? வார் சீஃபின் வண்டிகள் ஆயுள் முடியும் நிலையில் கிடக்கின்றன. டாக்டர் தரையில் உட்கார்ந்து, வெள்ளைச் சதுரத் தகடுகளை எடுத்து, மனதை ஒருமுகப்படுத்திக் கண்மூடி இருக்கிறார். தகடுகள் தாமாகவே கூடி ஒரு சிறிய பெட்டியாகின்றன. அதற்குள் இருப்பது டைம் லார்டுகளுக்கான செய்தி. அதை அனுப்பினால் தன் இருப்பிடம் தெரிந்துவிடும், தான் பிடிபடுவோம் என்று அவருக்குத் தெரியும். தெரிந்தேதான் அனுப்புகிறார். வழக்கின் மிக முக்கியமான உண்மை இது: குற்றவாளியைப் போலீஸ் தேடிப் பிடிக்கவில்லை. பாதிக்கப்பட்டவர்களுக்கு உதவி கேட்டு அவரே கூப்பிட்டார். தீர்ப்பில் இதற்குச் சலுகை கிடைத்த மாதிரி தெரியவில்லை.

அனுப்பிய கையோடு தப்பி ஓடவும் பார்க்கிறார் என்பது உண்மைதான். டார்டிஸை நோக்கி மூன்று பேரும் ஓடுகிறார்கள். நேரமே கெட்டிப்பட்டதுபோல் கால்கள் நகர மறுக்கின்றன. அண்டத்தின் வல்லரசு அவர்களைத் துரத்தி வரவில்லை, அவர்களைச் சுற்றியுள்ள காலத்தை மெதுவாக்கிவிடுகிறது. தொடர் முழுக்க டைம் லார்டுகள் இத்தனை அச்சம் தந்த காட்சி வேறு இல்லை என்பேன்.

விசாரணை

முதலில் கூண்டில் ஏறுபவன் வார் லார்ட். ஃபிலிப் மடாக் அலட்டாமல் நடித்திருப்பார். இந்த மன்றத்தின் அதிகாரத்தையே ஏற்க மாட்டேன் என்று அவன் வாயைத் திறக்க மறுக்கிறான். மூன்று நீதிபதிகளும் எழுந்திருக்கக்கூட இல்லை. முகத்தில் சலனம் இல்லாமல் அவனைப் பார்க்கிறார்கள். அவன் வலியில் அலறுகிறான். பிறகு பதில் சொல்லச் சம்மதிக்கிறான். சித்திரவதை என்று யாரும் பெயர் சொல்வதில்லை. ஆனால் வேறெந்தப் பெயரும் அதற்குப் பொருந்தாது.

அவனுக்குத் தண்டனை: அவனும் அவன் கூட்டாளிகளும் ஒருபோதும் பிறக்கவே இல்லை என்பதுபோல் காலத்திலிருந்து துடைத்தெறியப்படுகிறார்கள். அவன் கிரகத்தைச் சுற்றி நிரந்தரமாக ஒரு தடுப்பரண். அந்த மக்களில் எத்தனை பேர் இந்தத் திட்டத்தில் இருந்தார்கள், குழந்தைகள் என்ன பாவம் செய்தார்கள் என்று யாரும் கேட்பதில்லை.

ஒருவரைக் கொல்வது வேறு, அவர் இருந்ததே இல்லை என்று ஆக்குவது வேறு. இரண்டாவதைவிடப் பெரிய காலத் தலையீடு எதுவும் கிடையாது. தர்க்கமும் இடிக்கிறது. வார் லார்ட் இருந்ததே இல்லை என்றால் கடத்தல் நடந்திருக்காது. சிப்பாய்களைத் திருப்பி அனுப்பும் வேலையே வந்திருக்காது. எழுதியவர்கள் அதை யோசித்ததாகத் தெரியவில்லை, யோசிக்கவும் வேண்டியதில்லை; 25 நிமிடப் பாகத்தில் இன்னும் ஒரு வழக்கு பாக்கி இருந்தது. ஆனால் அடுத்த குற்றவாளி மீது வாசிக்கப்படும் குற்றச்சாட்டு 'காலத்தில் தலையிட்டது' என்பது. தீர்ப்பின் மை காயும் முன்னே அதை வாசிக்கிறார்கள்.

டாக்டரின் வாதம் நேரடியானது. குற்றத்தை மறுக்கவில்லை. ஆமாம், செய்தேன், அதில் பெருமைதான் என்கிறார். ஒரு திரையில் தான் மோதிய எதிரிகளைத் தன் நினைவிலிருந்து வரிசையாகக் காட்டுகிறார்: குவார்க்குகள், எட்டிகள், ஐஸ் வாரியர்கள், சைபர்மேன்கள், கடைசியாகத் தாலெக்குகள். இத்தனை சக்தியை வைத்துக்கொண்டு நீங்கள் வேடிக்கை பார்த்தீர்கள், உண்மையில் கூண்டில் நிற்க வேண்டியவர்கள் நீங்கள்தான் என்பது அவர் கட்சி.

நீதிபதிகள் யோசித்துவிட்டு வந்து, அவர் சொன்னதில் ஒரு பாதியை ஒப்புக்கொள்கிறார்கள்: பிரபஞ்சத்தில் எதிர்க்க வேண்டிய தீமை இருக்கிறது, அந்தப் போரில் அவருக்கும் ஒரு பங்கு இருக்கிறது. ஒரு நீதிமன்றம் இப்படிச் சொல்லிவிட்டால் வழக்கு அங்கேயே தள்ளுபடியாக வேண்டும். ஆகவில்லை. பூமிக்கு நாடுகடத்தல் என்று தீர்ப்பாகிறது. எந்த நூற்றாண்டு என்பதையும் அவர்களே குறிக்கிறார்கள்: இருபதாம் நூற்றாண்டு. அந்த இடமும் காரணமில்லாமல் தேர்ந்ததல்ல. பூமி அடிக்கடி தாக்குதலுக்கு ஆளாகிற கிரகம், அதைப் பற்றி அவருக்கு நன்றாகத் தெரியும் என்பதை நீதிபதிகளே சொல்கிறார்கள். தலையிட்ட குற்றத்துக்குத் தண்டனை, ஓரிடத்தில் உட்கார்ந்து தொடர்ந்து தலையிடுவது! டார்டிஸை இயக்கும் ரகசியம் அவர் மனதிலிருந்து பறிக்கப்படும். முகமும் மாற்றப்படும். திரையில் காட்டும் முகங்களை இது ரொம்பக் குண்டு, இது ரொம்பக் கிழடு என்று ஒவ்வொன்றாகத் தட்டிக்கழிக்கிறார் டாக்டர். பொறுமை இழந்த மன்றம் தானே தேர்ந்தெடுத்துவிடுகிறது.

எந்தக் குற்றமும் சாட்டப்படாத இருவர்

வழக்குக் கட்டில் எனக்கு மிகவும் உறுத்துகிற பக்கம் ஜேமியும் ஸோயியும்தான். ஜேமி 1746-ல் கல்லோடன் போர் முடிந்த சமயம் டாக்டரோடு சேர்ந்தவன், ஸ்காட்லாந்து மலைநாட்டுக் குழல் வாசிப்பவன். ஸோயி எதிர்கால விண்வெளி நிலையத்துக் கணக்குப் புலி. அவர்கள் மேல் குற்றச்சாட்டு எதுவும் இல்லை. வாதாட வாய்ப்பும் இல்லை. அவரவர் காலத்துக்குத் திருப்பி அனுப்பி, டாக்டரோடு நடந்த முதல் சம்பவத்தைத் தவிர மற்ற எல்லாவற்றையும் நினைவிலிருந்து அழித்துவிடுகிறார்கள்.

ஸோயி நிலையத்தில் நிற்கிறாள். ஏதோ முக்கியமான ஒன்றை மறந்துவிட்டதுபோல் இருக்கிறது என்கிறாள், என்னவென்று பிடிபடவில்லை. ஜேமி மலைச்சரிவில் ஆங்கிலச் சிப்பாய் ஒருவனைக் கண்டதும் போர்க் கூச்சலிட்டபடி பாய்கிறான். தோற்றுப்போன போரின் எச்சத்தில் அவனை இறக்கி விட்டிருக்கிறார்கள். உயிர் பிழைப்பானா என்பது மன்றத்தின் கவலை இல்லை. வரலாறு எப்படி இருந்ததோ அப்படியே இருக்கட்டும் என்பது வெளியில் சொல்லும் காரணம். ஆனால் இரண்டு மனிதர்களின் வாழ்ந்த வருடங்களைத் துடைத்துத்தான் அதைச் சாதிக்கிறார்கள். ஸ்மைத் கண்ணாடியை மாட்டிக்கொண்டு செய்ததும் இந்த மாதிரி வேலைதான். இங்கே கொஞ்சம் மரியாதையாகச் செய்கிறார்கள், விடைபெறக் கை குலுக்க நேரம் கொடுத்து.

ஸ்டுடியோ பக்கத்துக் காரணங்கள்

தீர்ப்பு ஏன் இப்படி வந்தது என்பதற்குக் கதைக்கு வெளியிலும் விடை உண்டு, சுருக்கமாகச் சொல்லிவிடலாம். ட்ரௌட்டன் விலக முடிவெடுத்திருந்தார். திட்டமிட்ட வேறு கதைகள் கைகூடாமல் போனதால் டிக்ஸும் ஹல்க்கும் அவசரமாகப் பத்துப் பாகம் எழுத வேண்டியிருந்தது. வேற்றுக்கிரக அரங்குகள் செலவு பிடிப்பவை. கதையைப் பூமியில் கட்டிப்போட்டால் பணம் மிச்சம். நாடுகடத்தல் அதற்கு வாகான வழி. 1970 ஜனவரி 3 அன்று தொடர் வண்ணத்துக்கு மாறியபோது, ஜான் பெர்ட்வீ நடித்த மூன்றாம் டாக்டர் டார்டிஸிலிருந்து தடுமாறி விழுந்தார், அப்புறம் யூனிட் என்ற ராணுவ அமைப்புக்கு அறிவியல் ஆலோசகரானார்.

தீர்ப்புக்குப் பிறகு

ஒரு சட்டத்தின் யோக்கியதை, அதைச் சொன்னவர்கள் அடுத்தடுத்து நடந்துகொள்கிற விதத்தில் தெரிந்துவிடும். டைம் லார்டுகள் இரண்டு வருடம்கூடத் தாக்குப்பிடிக்கவில்லை. 1971 ஜனவரியில், வட்டத் தொப்பி வைத்த லண்டன் குமாஸ்தா கோலத்தில் ஒருவர் அந்தரத்தில் நின்றபடி டாக்டரை எச்சரிக்கிறார்: மாஸ்டர் என்ற இன்னொரு ஓடுகாலி பூமிக்கு வந்திருக்கிறான். அதே வருடம் 'காலனி இன் ஸ்பேஸ்' கதையில் இன்னும் அப்பட்டம். பேரழிவு ஆயுதம் ஒன்றைப் பற்றிய ரகசியக் கோப்பு மாஸ்டர் கையில் சிக்கிவிட்டது. மூன்று டைம் லார்டுகள் கூடிப் பேசி, தங்கள் காரியம் முடியும் மட்டும் டாக்டரின் பூட்டைத் திறந்துவிடுவது என்று தீர்மானிக்கிறார்கள். கைதியைக் கூலியாள் ஆக்கியாயிற்று. 1972-ல் 'தி மியூட்டன்ட்ஸ்' கதையில், உரியவர் கைபட்டால்தான் திறக்கும் பெட்டியைக் கொடுத்து ஸோலோஸ் கிரகத்துக்குத் தபால்காரராக அனுப்புகிறார்கள்.

மாமியார் உடைத்தால் மண்குடம், மருமகள் உடைத்தால் பொன்குடம் என்ற கதைதான். 1972 டிசம்பரில் தொடங்கிய 'தி த்ரீ டாக்டர்ஸ்' கதையில், தங்கள் கிரகத்துக்கே ஆபத்து என்றதும் காலத்தின் முதல் சட்டத்தையே மீறி ஒரே ஆளின் மூன்று உருவங்களைச் சந்திக்க வைத்தார்கள். கைம்மாறாக டாக்டரின் நாடுகடத்தல் நீங்கியது. கவனியுங்கள், 1969 தீர்ப்பு தவறு என்று யாரும் சொல்லவில்லை; உபகாரத்துக்குக் கூலியாக மன்னிப்பு, அவ்வளவே.

உச்சம் 1975-ல் வந்த 'ஜெனிசிஸ் ஆஃப் தி தாலெக்ஸ்'. தாலெக்குகள் உருவாகாமலே தடு, முடியாவிட்டால் அவற்றின் வளர்ச்சியை மாற்று என்று நான்காம் டாக்டரை அவர்களே ஸ்காரோ கிரகத்துக்கு அனுப்புகிறார்கள். ஓர் இனத்தை முளையிலேயே கிள்ளுவதை எந்த அகராதியிலும் தலையிடாமை என்று சொல்ல முடியாது. தாலெக்குகளை அழிக்கும் வெடிக்கான இரண்டு ஒயர்களின் நுனியைக் கையில் வைத்துக்கொண்டு, இவற்றைத் தொடவைக்க எனக்கு உரிமை உண்டா என்று தயங்கி நிற்பவர் தண்டனை பெற்ற குற்றவாளி. அவரை அனுப்பிய நீதிமான்களுக்கு அந்தத் தயக்கம் இருந்ததில்லை.

அடுத்த வருடம் ராபர்ட் ஹோம்ஸ் எழுதிய 'தி டெட்லி அசாசின்' இதற்கு ஒரு அலுவலக முத்திரையே குத்திவிட்டது. டைம் லார்டுகளிடம் 'விண்ணகத் தலையீட்டு முகமை' என்று பொருள்படும் ஒரு துறை இருக்கிறதாம். ஆங்கிலத்தில் முதலெழுத்துகளைச் சேர்த்தால் சிஐஏ. டாக்டரின் தண்டனை நீங்கியதே அந்தத் துறையின் சிபாரிசில்தான் என்று கோப்பு சொல்கிறது. தலையிடாமையை மதமாகக் கொண்ட ஊரில் தலையீட்டுக்கு ஒரு இலாகா! போனால் போகிறது என்று இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன்: 1969-ல் நீதிபதியாக நடித்த பெர்னார்ட் ஹார்ஸ்ஃபால்தான் இதில் ஜனாதிபதியைக் கொல்லும் சான்சலர் கோத்.

இந்தச் சட்டம் எப்படி வந்தது என்பதற்கு 1978-ல் 'அண்டர்வேர்ல்ட்' ஒரு காரணம் சொன்னது. முன்னொரு காலத்தில் மினியோஸ் கிரகத்து மக்களுக்கு டைம் லார்டுகள் அறிவியலையும் ஆயுதங்களையும் வழங்கினார்கள். அவர்கள் இவர்களைத் தெய்வமாகக் கும்பிட்டு, பிறகு துரத்திவிட்டு, கடைசியில் தங்களுக்குள் அடித்துக்கொண்டு கிரகத்தையே அழித்துக்கொண்டார்கள். அந்த அதிர்ச்சியில் பிறந்ததுதான் தலையிடாமை. கேட்க நியாயமாகத்தான் இருக்கிறது, நானும் இதை உதறித் தள்ள மாட்டேன். ஆனால் செய்த தீங்கைச் சரிசெய்வது பற்றி அந்தச் சட்டத்தில் ஒரு வார்த்தை இல்லை. இனிமேல் தங்கள் கை கறைபடாமல் இருந்தால் போதும் என்கிறது.

இரண்டாம் வழக்கு

1986 செப்டம்பர் முதல் டிசம்பர் வரை, பதினான்கு பாகங்கள், 'தி ட்ரையல் ஆஃப் எ டைம் லார்ட்'. பதினெட்டு மாத இடைவெளிக்குப் பின் தொடரே தன் பிழைப்புக்காக மேலதிகாரிகள் முன் நின்ற நேரம், அதனால் கதையும் நீதிமன்றமாகிவிட்டது. காலின் பேக்கர் நடித்த ஆறாம் டாக்டர் மீது மறுபடியும் அதே குற்றச்சாட்டு. எதிர்த்தரப்பு வக்கீல் வேலியார்டின் முதல் வாதமே 1969-ஐப் பிடித்துத்தான்: முன்பு இதே குற்றத்தில் டைம் லார்டுகளின் ஆட்சிக் குழுவான உயர் மன்றம் இவரிடம் அளவுக்கு மீறிக் கருணை காட்டிவிட்டது.

நேரம் போகப் போகச் சாட்சியங்கள் திருத்தப்பட்டவை என்று தெரிகிறது. எதற்காக? உயர் மன்றத்தின் ரகசியங்களை ஆண்ட்ரோமெடாவாசிகள் திருடிப் பூமியில் ஒளித்திருந்தார்கள். அது வெளியே வராமலிருக்க, பூமியையே இரண்டு ஒளியாண்டு தூரம் நகர்த்தி, வேறு பெயர் சூட்டி மறைத்துவிட்டது அந்த மன்றம். பூமி தீயில் வெந்தது. வழியில் போன டாக்டர் அதைக் கண்டுபிடிக்கும் நிலைக்கு வந்துவிட்டதால்தான் அவர் மீது தலையீட்டு வழக்கு. வக்கீல் யார் என்பதும் வெளிவருகிறது: வேலியார்ட் என்பவன் டாக்டரின் இருண்ட பக்கங்களெல்லாம் திரண்ட உருவம். டாக்டரின் மிச்சமுள்ள ஆயுள்களே அவனுக்குப் பேசிய கூலி.

இந்த முடிவை எழுதத் தொடங்கிய ராபர்ட் ஹோம்ஸ் 1986 மே மாதம் இறந்துவிட்டார். கடைசிப் பாகம் பிப், ஜேன் பேக்கர் தம்பதியின் கைக்குப் போனது. அதன் குழப்பம் திரையில் தெரியத்தான் செய்கிறது. இருந்தாலும் சட்ட ரீதியாக முடிவு தெளிவு: உயர் மன்றம் கவிழ்ந்தது, டாக்டர் மீதான குற்றச்சாட்டுகள் கைவிடப்பட்டன. நீதிபதி அவரையே ஜனாதிபதியாக நிற்கச் சொல்ல, அவர் நீங்களே நில்லுங்கள் என்று அவரிடமே திருப்பிவிட்டுக் கிளம்புகிறார். ஆவணக் காப்பாளர் உடையில் கடைசியாகத் திரும்பிச் சிரிப்பவன் வேலியார்ட். வார் லார்டையும் அவன் கிரகத்தையும் பற்றிய 1969 உத்தரவை இந்த வழக்கில் இரு தரப்புமே எடுத்துப் பேசவில்லை.